புற்றுநோய் சிகிச்சையின் நடுவே இடமாறுதல் ஆணை: பெண் தலைமைக் காவலர் ஒருவருக்குப் பதில்

தென் மண்டலத்தைச் சேர்ந்த ஒரு மாவட்டத்தில், காவல் நிலையம் ஒன்றில் பணியாற்றும் பெண் தலைமைக் காவலர் எழுதிய கடிதத்தின் சாரம் இது. அவருக்கு வயது 43. மார்பகப் புற்றுநோய்க்காக மதுரையில் அறுவை சிகிச்சை முடிந்து, மூன்று வாரங்களுக்கு ஒருமுறை கீமோதெரபி நடந்துவருகிறது. ஆறு சுற்றுகளில் நான்கு முடிந்துவிட்டன. மீதமுள்ள இரண்டும் முடிந்தபின் கதிர்வீச்சு தொடங்கும். கீமோவோடு ஆரம்பித்த டிராஸ்டுசுமாப் என்ற புற்றுநோய் மருந்து ஊசியை மூன்று வாரத்துக்கொன்றாக ஓராண்டு நிறையும் வரை போட்டாக வேண்டும். மருத்துவ விடுப்பில் இருக்கும் அவருடைய பெயர், ‘நிர்வாக நலன் கருதி’ மாற்றப்பட்ட 14 பேர் பட்டியலில் வந்திருக்கிறது. புதிய இடம் மேற்கு மண்டலத்தில், சுமார் 250 கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது. கணவர் லாரி ஓட்டுநர், மகள் பிளஸ் டூ படிக்கிறாள், மருத்துவமனைக்குத் துணைக்கு வருபவர் வயதான தாயார். பணியிலிருந்து விடுவிக்கும் ஆணையையும், இடம் மாறிப் போகும் காவலருக்குத் துறை தரும் ‘பாஸ்போர்ட்’ என்ற சீட்டையும் வாங்கிக்கொள்ளும்படி நிலைய எழுத்தர் தொலைபேசியில் அழைத்தபோது, விடுப்பில் இருப்பதால் வாங்க முடியாது என்று சொல்லிவிட்டார். விடுப்பு முடிய இன்னும் 12 நாட்கள் இருக்கின்றன. கீமோ தொடங்கிய சமயத்தில் திருவிழா பந்தோபஸ்துக்குப் போகாததற்கு ஆய்வாளர் மெமோ கொடுத்ததாகவும், அந்தக் கோபமே இந்த மாறுதலுக்குக் காரணம் என்றும் அவர் நம்புகிறார். நீதிமன்றம் போனால் ஆணை ரத்தாகுமா, போகாமல் வீட்டிலேயே இருந்தால் என்ன ஆகும், வழக்குப் போட்டால் சிறப்பு உதவி ஆய்வாளர் பதவி உயர்வு கெடுமா என்பவை அவருடைய கேள்விகள்.

சகோதரி, உங்கள் கடிதத்தில் ‘ரத்து’ என்ற சொல் பலமுறை வருகிறது. உங்கள் நிலைமையில் நீங்கள் கேட்க வேண்டியது ரத்து இல்லை, கால அவகாசம். சிகிச்சையின் கடுமையான கட்டம் முடியும்வரை ஆணையை நிறுத்திவைக்கும்படியோ, மதுரைக்கு எட்டும் தூரத்தில் ஓர் இடம் தரும்படியோ கேட்டால், மறுப்பதற்கு மேலதிகாரி காரணம் தேட வேண்டியிருக்கும். நீதிமன்றமும் காதுகொடுத்துக் கேட்கும். ‘என்னை மாற்றவே கூடாது’ என்று கேட்டால், சட்டம் பெரும்பாலும் உங்களுக்கு எதிராகவே நிற்கும்.

விடுப்பில் இருப்பவரை மாற்றலாமா?

மாற்றலாம். மருத்துவ விடுப்பில் இருக்கும்போது பிறப்பித்த மாறுதல் ஆணை செல்லாது என்று உங்கள் நிலையத்தில் சொன்னவர்கள் நல்லெண்ணத்தில் சொல்லியிருப்பார்கள், ஆனால் அப்படி ஒரு விதி கிடையாது. விடுப்பு முடிந்ததும் புதிய இடத்தில் பணியேற்க வேண்டும் என்பதே அத்தகைய ஆணையின் பொருள். ஆணையைக் கையெழுத்திட்டு வாங்காவிட்டால் அது நடைமுறைக்கு வராது என்பதும் தவறான நம்பிக்கை. பதிவுத் தபாலில் அனுப்பியோ, வீட்டுக் கதவில் ஒட்டியோ சார்வு செய்துவிட்டு, ‘வாங்க மறுத்தார்’ என்று குறிப்பு எழுதுவார்கள். பின்னாளில் நீதிபதி கோப்பைப் புரட்டும்போது, நோயாளி என்ற உங்கள் முகத்துக்கு முன்பாக அந்தக் குறிப்புதான் கண்ணில் படும். நாளைக்கே ஆளனுப்பி ஆணையை வாங்கிக்கொள்ளுங்கள். ‘சிகிச்சையில் இருப்பதால் மனு அளிக்கும் உரிமைக்குக் குந்தகமின்றிப் பெற்றுக்கொண்டேன்’ என்று தேதியோடு எழுதிக் கையெழுத்திடுங்கள்.

ஓர் இடத்தில் இரண்டு ஆண்டுகள் முடியும் முன் யாரையும் மாற்றக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறதே என்று கேட்டிருக்கிறீர்கள். 2006ஆம் ஆண்டு பிரகாஷ் சிங் வழக்கில் குறைந்தபட்சப் பணிக்காலம் பற்றிச் சொன்னது உண்மை. ஆனால் அந்தப் பாதுகாப்பு மண்டல ஐ.ஜி., சரக டி.ஐ.ஜி., மாவட்டக் கண்காணிப்பாளர், நிலையப் பொறுப்பு அதிகாரி போன்ற களப் பொறுப்பில் இருப்பவர்களுக்கானது. நிலையத்தில் பணியாற்றும் தலைமைக் காவலர் அதை எடுத்துக்காட்டி நிற்க முடியாது.

இடமாறுதல் அரசுப் பணியோடு ஒட்டிப் பிறந்தது, எந்த ஊரில் யார் வேலை செய்வது என்பதை நிர்வாகமே தீர்மானிக்கும் என்பதில் உச்ச நீதிமன்றம் பல பத்தாண்டுகளாக உறுதியாக நிற்கிறது. 1990இல் ஷில்பி போஸ் வழக்கிலும் 1993இல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கிலும் இதைத் தெளிவாகச் சொன்னது. அப்பாஸ் வழக்கை நீங்கள் தெரிந்துகொள்வது நல்லது. ஷில்லாங்கில் பணியாற்றிய அந்த மத்திய அரசு ஊழியர், மனைவிக்கு அங்கே வேலை, பிள்ளைகளுக்கு அங்கே படிப்பு, தனக்கோ முதுகெலும்பு முறிந்த பாதிப்பு என்று உங்கள் கடிதத்தில் இருப்பதைப் போன்ற காரணங்களையே சொன்னார். தீர்ப்பாயம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தும் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. அதிகாரம் இல்லாதவர் பிறப்பித்த ஆணை, சட்ட விதியை மீறிய ஆணை, தீய நோக்கத்தில் பிறந்த ஆணை ஆகியவற்றில்தான் நீதிமன்றம் தலையிடும் என்றது. அதே தீர்ப்பு இன்னொன்றையும் சொல்கிறது: ஊழியர் தன் கஷ்டத்தை மனுவாகக் கொடுத்தால், அதிகாரி நிர்வாகத் தேவையையும் வைத்துப் பார்த்து அதைப் பரிசீலிக்க வேண்டும். உங்களுக்கான கதவு இந்த வாக்கியத்தில் இருக்கிறது. பரிசீலிக்கப்படும் உரிமை உங்களுக்கு உண்டு. கேட்டது கிடைக்கும் உரிமை இல்லை.

உயிர்வாழும் உரிமையைத் தரும் அரசமைப்புச் சட்டத்தின் 21ஆவது பிரிவில் உடல்நலமும் அடங்கும் என்பது 1995 முதலே உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட கருத்து. அந்தப் பிரிவை உங்கள் வழக்கறிஞர் நிச்சயம் எடுத்துச் சொல்லுவார், சொல்லவும் வேண்டும். ஆனால் அதை மட்டும் வைத்து இடமாறுதல் ஆணையை உடைக்க முடியாது. மருத்துவச் சான்றுகள் பலமாக இருந்தால்தான் அந்தப் பிரிவு உங்கள் வழக்கில் உயிர்பெறும். மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016 பற்றிக் கேட்டிருந்தீர்கள். அதன் பட்டியலில் உள்ள 21 வகைகளில் புற்றுநோய் தனியாக இடம்பெறவில்லை. அறுவையின் விளைவாகக் கையில் நிரந்தரக் குறை ஏற்பட்டு அதற்குச் சான்றிதழ் கிடைத்தால் நிலைமை மாறலாம். ஆனால் பணியாளர் பாதுகாப்பு குறித்த பிரிவிலிருந்து சில துறைகளுக்கு விலக்களிக்க அச்சட்டமே அரசுக்கு இடம் தருவதால், இப்போதைக்கு அதை நம்பி இறங்க வேண்டாம்.

உங்கள் பலம் மருத்துவரின் கடிதத்தில் இருக்கிறது

உங்கள் சிகிச்சையில் மூன்று கட்டங்கள் இருக்கின்றன. சட்டத்தின் பார்வையில் மூன்றுக்கும் ஒரே எடை கிடையாது. மீதமுள்ள இரண்டு கீமோ சுற்றுகளின்போது வெள்ளணுக்கள் குறைந்து தொற்று எளிதில் பற்றும். காய்ச்சல் வந்தால் அன்றே மருத்துவமனை சேர வேண்டும். அந்த நிலையில் ஊர் மாறுவது ஆபத்து என்பதை யாரும் மறுக்க முடியாது. கதிர்வீச்சு இன்னும் வலுவான காரணம், ஏனென்றால் அது திங்கள் முதல் வெள்ளி வரை தினமும், சில வாரங்களுக்குத் தொடர்ந்து நடப்பது. ஓராண்டு ஊசியோ அப்படிப்பட்டதில்லை. மூன்று வாரத்துக்கு ஒருநாள் மதுரைக்கு வந்து போகலாமே என்று அரசு வழக்கறிஞர் கேட்டால் உங்களிடம் வலுவான பதில் இருக்காது. ‘ஓராண்டு முழுவதும் மாற்றாதீர்கள்’ என்று கேட்டு, வலுவான காரணத்தையும் வலுவற்றதோடு சேர்த்து இழந்துவிடாதீர்கள். கதிர்வீச்சு முடியும் நாளையும், அதன்பின் தேறுவதற்கு மருத்துவர் சொல்லும் காலத்தையும் எல்லையாக வையுங்கள்.

‘கோவைப் பக்கமும் புற்றுநோய் மருத்துவமனைகள் உண்டு, அரசு ஊழியர் நலக் காப்பீட்டுத் திட்ட அட்டை எந்த மாவட்டத்திலும் செல்லுமே’ என்பது அடுத்த எதிர்வாதம். அதில் நியாயம் இருப்பதுபோல் தெரியும். இதற்கு நீங்கள் பதில் சொல்லக் கூடாது, உங்கள் புற்றுநோய் மருத்துவர் சொல்ல வேண்டும். நீங்கள் இணைத்திருக்கும் ‘ஓய்வு தேவை’ என்ற ஒரு வரிச் சான்று விடுப்புக்குப் போதும், வழக்குக்குப் போதாது. நோயின் பெயர், அறுவை நடந்த தேதி, முடிந்த சுற்றுகள், வரவிருக்கும் சுற்றுகளின் தேதிகள், கதிர்வீச்சு எப்போது தொடங்கி எப்போது முடியும், தொடங்கிய சிகிச்சையை நடுவில் வேறு மருத்துவமனைக்கு மாற்றினால் என்ன இடர், நீண்ட பயணத்தால் என்ன இடர், எந்த வகைப் பணியை இப்போது செய்யலாம் என்பவற்றை மருத்துவமனைத் தாளில் கையெழுத்தோடும் முத்திரையோடும் எழுதி வாங்குங்கள்.

கடைசியாகச் சொன்னது முக்கியம். எந்த வேலைக்கும் தகுதியில்லை என்று எழுதச் சொல்லாதீர்கள். அப்படி எழுதினால் மருத்துவக் குழுமத்துக்கு அனுப்பி உங்கள் பணித் தகுதியையே கேள்விக்கு உள்ளாக்கும் வழி திறக்கும். சிகிச்சை முடிந்து உடல்நலம் தேறிப் பணிக்குத் திரும்ப வேண்டியவர் நீங்கள். கட்டுப்பாட்டு அறை, வரவேற்பு மேசை, எழுத்துப்பணி போன்றவற்றைச் செய்யலாம், இரவுப் பாராவும் பந்தோபஸ்தும் இப்போது கூடாது என்ற அளவில் சான்று இருப்பதே நல்லது.

ஆய்வாளர் மீதான புகாரை எழுதலாமா?

உங்கள் மனவருத்தம் எனக்குப் புரிகிறது. கீமோ ஏறிய உடம்போடு வெயிலில் நிற்க முடியாதவரிடம் விளக்கம் கேட்டு மெமோ கொடுத்தது மனிதாபிமானமற்ற செயல் என்பதில் எனக்கு ஐயம் இல்லை. ஆனால் தீய நோக்கம் என்று குற்றம் சாட்டுபவர்தான் அதை நிரூபிக்க வேண்டும், அந்தச் சுமை மிகக் கனமானது. இந்த மாநிலத்தின் தலைமைச் செயலாளராக இருந்த ஈ.பி. ராயப்பாவே 1974இல் அந்தச் சுமையைச் சுமக்க முடியாமல் உச்ச நீதிமன்றத்தில் தோற்றார். குற்றம் சாட்டப்படும் அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்கவும் வேண்டும். உங்கள் ஆணையில் இன்னும் 13 பேர் இருக்கிறார்கள், ஆணை பிறப்பித்தவர் ஆய்வாளரும் இல்லை. வெறும் மெமோவை வைத்துப் பழிவாங்கல் என்று எழுதினால், ‘ஆதாரமில்லை’ என்ற ஒரு வரியில் அது போய்விடும். அதோடு உங்கள் மனுவின் மற்ற பகுதிகள் மீதான நம்பிக்கையும் குறையும்.

மெமோவின் நகலையும், அதற்கு நீங்கள் அளித்த விளக்கத்தையும், அன்றைய சிகிச்சைக் குறிப்பையும் தேதி வரிசையில் இணையுங்கள், குற்றச்சாட்டு எதையும் எழுதாதீர்கள். ஒருவேளை அரசு தாக்கல் செய்யும் எதிர்வாக்குமூலத்தில், ‘பணிக்கு வராத புகாரின் பேரில் மாற்றப்பட்டார்’ என்று அவர்களே எழுதினால், வழக்கின் போக்கு மாறும். தண்டனைக்குப் பதிலாக இடமாறுதலைப் பயன்படுத்தக் கூடாது என்று 2008இல் சோமேஷ் திவாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது அப்போது உங்கள் கையில் வலிமையான ஆயுதமாகும்.

மனு, அதன்பின் நீதிமன்றம்

மனுவை ஆணை பிறப்பித்த அதிகாரிக்கு, உங்கள் மாவட்டக் கண்காணிப்பாளர் வழியாக அனுப்புங்கள், அதிகாரியின் அலுவலகத்துக்கு முன்நகல் ஒன்றைப் பதிவுத் தபாலில் நேராகவும் அனுப்புங்கள். முடிந்தால் காவலர்கள் அதிகாரியைச் சந்தித்துக் குறை சொல்லும் ஓ.ஆர். (ஆர்டர்லி ரூம்) நாளில் நேரில் நின்று கண்காணிப்பாளரிடம் சொல்லுங்கள். நேரில் பார்த்தபின் மனம் மாறிய அதிகாரிகள் பலரை நான் அறிவேன், அதை வீண் என்று நினைக்காதீர்கள். மனு நீளமாக இருக்கத் தேவையில்லை. இந்த அளவு போதும்:

‘மாறுதல் ஆணைக்குக் கீழ்ப்படியச் சித்தமாக உள்ளேன். மருத்துவச் சான்றில் கண்டபடி எனக்கு இன்னும் இரண்டு கீமோதெரபி சுற்றுகளும் அதன்பின் தினசரிக் கதிர்வீச்சும் நடக்க வேண்டியுள்ளன. எனவே அவை முடியும் நாள் வரை மேற்படி ஆணையை நிறுத்திவைக்கவும், அதற்கு வாய்ப்பில்லையெனில் மதுரை மாநகரிலோ மதுரை மாவட்டத்திலோ அருகிலுள்ள வேறு அலகிலோ, மருத்துவர் குறிப்பிட்டுள்ள பணிகளில் ஒன்றில், அதுவரை மாற்றுப்பணி வழங்கவும் பணிந்து வேண்டுகிறேன்.’

இதில் மாறுதலையே எதிர்க்கும் சொல் ஒன்றும் இல்லை என்பதைக் கவனியுங்கள். ‘சொந்த வேண்டுகோளின் பேரில்’ நிரந்தர மாறுதல் கேட்பதாகவும் இதை எழுதிவிடாதீர்கள். அலகு மாறிச் சொந்த வேண்டுகோளில் போனால் பணிமூப்பை இழக்க நேரலாம். அமைச்சர் வீட்டிலும் சட்டமன்ற உறுப்பினரிடமும் பரிந்துரைக் கடிதம் வாங்கலாம் என்று உறவினர் சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். பணி விஷயத்தில் அரசியல் செல்வாக்கைக் கொண்டுவருவது நடத்தை விதிகளுக்கு முரண். உங்கள் அண்ணன் மகன் பொதுவெளியில் போடச் சொல்லும் காணொலியும் வேண்டாம். காவலர்கள் பத்திரிகைகளிடமும் பொதுவெளியிலும் பேசுவதை 1966ஆம் ஆண்டின் காவல் படைகள் உரிமைக் கட்டுப்பாட்டுச் சட்டமே வரையறுக்கிறது. அனுதாபம் இரண்டு நாள் கிடைக்கும், ஒழுங்கு நடவடிக்கை ஆண்டுக்கணக்கில் ஓடும்.

மனுவுக்குப் பதில் வரும்வரை காத்திருந்து நாளைக் கடத்திவிடாதீர்கள். நீதிமன்றம் முதலில் கேட்கும் கேள்வி, பணியிலிருந்து விடுவிக்கப்பட்டுவிட்டாரா என்பது. விடுவித்தபின் தடை வாங்குவது கடினம். நீங்கள் இன்னும் முறையாக விடுவிக்கப்படவில்லை என்றால், மனு கொடுத்து ஒரு வாரத்துக்குள் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு தாக்கல் செய்யத் தயாராக இருங்கள். தமிழ்நாட்டில் மாநில அரசு ஊழியர்களுக்கெனத் தனி நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லாததால் நேராக உயர் நீதிமன்றம்தான். வழக்குச் செலவை நினைத்துத் தயங்க வேண்டாம். சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டம் 1987இன் 12ஆவது பிரிவின்படி, பெண் என்ற ஒரே தகுதியில், வருமான வரம்பு எதுவுமின்றி உங்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. மதுரைக் கிளையிலேயே அதற்கான குழு செயல்படுகிறது. மருத்துவ ஆவணங்களைப் பலரும் பார்ப்பார்கள் என்பதால், தேவையான தாள்களை மட்டும் இணைக்கும்படி வழக்கறிஞரிடம் சொல்லுங்கள்.

இத்தகைய வழக்குகளில் நான் அதிகம் பார்த்த முடிவு, மனுவைச் சில வாரங்களுக்குள் பரிசீலித்து ஆணையிட வேண்டும் என்று அதிகாரிக்கு உத்தரவிட்டு வழக்கை முடித்துவைப்பது. அதைத் தோல்வியாக எடுத்துக்கொள்ளாதீர்கள். அதுவரை ஆணையை நிறுத்திவைக்க வேண்டும் என்ற ஒரு வரியையும் சேர்த்து வாங்கினால், உங்கள் கீமோ சுற்றுகள் முடியும் காலம் கிட்டத்தட்ட வந்துவிடும். முழுமையான ரத்து அரிதினும் அரிது. எடுத்த எடுப்பில் தள்ளுபடி ஆவதும் உண்டு. அப்படியானால் இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு செய்யலாம், ஆனால் அதற்குள் பணியேற்றிருப்பதே பாதுகாப்பானது.

வீட்டிலேயே இருந்துவிட்டால்

இதைச் செய்யாதீர்கள் என்று அழுத்தமாகச் சொல்கிறேன். குஜராத் மின்வாரிய ஊழியர் ஆத்மாராம் வழக்கில் 1989இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: மனு நிலுவையில் இருக்கிறது என்பதைக் காரணம் காட்டி ஊழியர் புதிய இடத்தில் சேராமல் இருக்க முடியாது, இருந்தால் ஒழுங்கு நடவடிக்கைக்கு ஆளாவார். காவல்துறையில் நிலைமை இன்னும் கடுமை. அனுமதியில்லாமல் 21 நாட்கள் வராமல் இருந்தால் ‘விட்டோடி’ என்று அறிவித்துப் பெயர் நீக்கும் நடைமுறை காவல் நிலை ஆணையில் இருக்கிறது. தொடர்ந்து, பெரிய தண்டனைக்கு வழிவகுக்கும் 3(பி) விதியின் கீழ்க் குற்றச்சாட்டும் வரும். நோயால் வராமல் இருந்ததை அப்போது விசாரணை அதிகாரி முன் ஒவ்வொரு தாளாக நிரூபிக்க வேண்டிவரும்.

ஆகவே விடுப்பு முடிவதற்குள் நீட்டிப்புக்கு விண்ணப்பியுங்கள், விண்ணப்பத்தைப் பழைய அலகுக்கும் புதிய அலகுக்கும் சேர்த்தே அனுப்புங்கள். விடுவிக்கப்பட்டபின் விடுப்பு வழங்கும் அதிகாரம் புதிய அலகுக்குப் போய்விடும் என்பதால் இது அவசியம். கடைசி ஊதியச் சான்று பழைய இடத்தில் தங்கிவிட்டாலோ, அரசு ஊழியர் சம்பளத்துக்கான களஞ்சியம் மென்பொருளில் உங்கள் பெயர் இரண்டு அலகுகளுக்கும் நடுவே நின்றுவிட்டாலோ சம்பளம் வராது. சிகிச்சைக் காலத்தில் சம்பளம் நிற்பது எவ்வளவு கொடுமை என்பதைச் சொல்லத் தேவையில்லை, எழுத்தரிடம் வாரம் ஒருமுறை விசாரியுங்கள். காவலர் குடியிருப்பைக் காலி செய்யச் சொன்னால், மகளின் பொதுத்தேர்வையும் சிகிச்சையையும் குறிப்பிட்டுத் தங்க அனுமதி கேட்டுத் தனி மனு கொடுங்கள். அதை மாறுதல் மனுவோடு கலக்க வேண்டாம்.

பதவி உயர்வு பற்றிய உங்கள் அச்சத்துக்கு வருகிறேன். ரிட் மனு தாக்கல் செய்வது குற்றமில்லை, அதைக் காரணம் காட்டிப் பதவி உயர்வுப் பட்டியலிலிருந்து உங்களை நீக்க முடியாது. நிலுவையில் உள்ள குற்றச்சாட்டும் நடப்பில் உள்ள தண்டனையும்தான் உங்களைத் தடுக்கும். பந்தோபஸ்து மெமோவுக்கு நீங்கள் கொடுத்த விளக்கம் ஏற்கப்பட்டு முடிந்ததா, இன்னும் திறந்தே இருக்கிறதா என்று கடிதத்தில் எழுதவில்லை. இந்த 12 நாட்களுக்குள் அதை விசாரித்து, முடியவில்லை என்றால் அன்றைய கீமோ தேதி உள்ள சிகிச்சைத் தாளோடு கூடுதல் விளக்கம் ஒன்றைக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகையை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.